சிரிப்பொலி கேட்டு வளர்ந்த படங்கள்



அமெரிக்க நகைச்சுவைப் படங்களின் வளர்ச்சி என்று பேச வந்தால் சார்லி சாப்ளினில் தொடங்கி ஜிம் கேரியில் முடியும் ஒரு பெயர்ப் பட்டியலைத்தான் பலரும் எதிர்பார்ப்பார்கள். பட்டியல் வேண்டுமானால் நூலகத்தில் கிடைக்கும். இன்று வேறு ஒரு வழியாக இதைப் பார்க்கலாம்.

சோகப் படம் எடுப்பவருக்கு ஒரு சலுகை உண்டு. அரங்கில் எத்தனை பேர் அழுதார்கள் என்பது அவருக்குத் தெரியாது. அழுபவர் இருட்டில், ஓசைப்படாமல், கைக்குட்டையோடு அழுதுவிட்டுப் போய்விடுவார். நகைச்சுவைப் படம் எடுப்பவருக்கு அந்தச் சலுகை கிடையாது. அரங்கம் சிரித்ததா இல்லையா என்பது உடனே காதில் விழுந்துவிடும். சிரிப்பு வரவேண்டிய இடத்தில் இருமல் சத்தம் கேட்டால் அந்தக் காட்சி செத்தது என்று பொருள். இந்த ஓசையைக் கேட்டுக் கேட்டுத்தான் அமெரிக்க நகைச்சுவைப் படம் நூறு ஆண்டுகளாக வளர்ந்தது. கடந்த பத்துப் பதினைந்து ஆண்டுகளாக அந்த ஓசை படம் எடுப்பவரின் காதுக்கு எட்டுவது குறைந்துவருகிறது. அதனால் என்ன ஆயிற்று என்பதே இன்றைய பேச்சு.

முதலில் பேசாப் படக் காலம். அன்றைய அமெரிக்க நகரங்களில் ஐந்து காசு கொடுத்தால் படம் பார்க்கலாம். பார்க்க வந்தவர்களில் பெரும்பகுதியினர் இத்தாலியிலிருந்தும் போலந்திலிருந்தும் ரஷ்யாவிலிருந்தும் கப்பலேறி வந்த தொழிலாளர்கள். பலருக்கு ஆங்கிலம் வராது. படம் பேசாது; பார்ப்பவருக்கும் மொழி தேவையில்லை. விழுந்தவன் எழுவதைப் பார்த்துச் சிரிக்க அகராதி எதற்கு? சாப்ளினே இங்கிலாந்திலிருந்து வந்தவர்தான். தொளதொள கால்சட்டையும் சின்ன மீசையுமாக அவருடைய நாடோடி 1914-ஆம் ஆண்டில் திரையில் தோன்றினான். 1925-இல் வெளிவந்த ‘தி கோல்டு ரஷ்’ படத்தில் பசி தாங்காமல் சொந்தக் காலணியை வேகவைத்து, கத்தியும் முள்ளும் கொண்டு நாகரிகமாகச் சாப்பிடுவான். (அந்தக் காலணி அதிமதுர மிட்டாயால் செய்யப்பட்டது.) பட்டினி கிடந்த அனுபவம் உள்ளவர்கள் நிறைந்த அரங்கில் அந்தக் காட்சிக்குச் சிரிப்பு எழுந்தது என்றால், அதைச் சாதாரணச் சிரிப்பு என்று ஒதுக்கிவிட முடியாது.

சாப்ளினைப் போற்றும் அளவுக்கு நம்மவர்கள் பஸ்டர் கீட்டனைப் போற்றுவதில்லை. இது ஒரு குறைதான். கீட்டன் சிறுவயதிலேயே பெற்றோருடன் மேடை ஏறியவர். தந்தை அவரைத் தூக்கி மேடையின் குறுக்கே எறிவார், கூட்டம் சிரிக்கும். எறியப்பட்ட சிறுவன் தானும் சிரித்தால் கூட்டத்தின் சிரிப்பு குறைகிறது, முகத்தை மரம்போல் வைத்துக்கொண்டால் கூடுகிறது என்பதை அந்த வயதிலேயே அவர் கண்டுகொண்டார். பிற்காலத்தில் உலகம் கண்ட அந்த உணர்ச்சியற்ற முகம் கூட்டம் கற்றுக்கொடுத்த பாடம்.

அவருடைய ‘தி நேவிகேட்டர்’ படம் 1924-இல் வந்தது. கடலுக்கடியில் நீர்மூழ்கு உடையணிந்த கீட்டன், நட்சத்திர மீன் ஒன்றை மார்பில் பதக்கம்போல் ஒட்டிக்கொண்டு, மீன் கூட்டத்துக்குப் போக்குவரத்துக் காவலராக நின்று கைகாட்டும் காட்சியை மிகுந்த சிரமப்பட்டு எடுத்தார்கள். முன்னோட்டக் காட்சியில் அரங்கம் சிரிக்கவில்லை. கதைப்படி அந்த நேரத்தில் கதாநாயகி ஆபத்தில் இருக்கிறாள். இவன் மீன்களோடு விளையாடுகிறானே என்று மக்கள் பொறுமை இழந்தார்கள். கீட்டன் காட்சியை வெட்டி எறிந்தார். காசும் உழைப்பும் போனதைப் பற்றிக் கவலைப்படவில்லை. 1928-இல் ‘ஸ்டீம்போட் பில் ஜூனியர்’ படத்துக்காக ஒரு வீட்டின் முன்சுவரை முழுதாகத் தம் மேல் விழவைத்தார். மாடி ஜன்னலின் திறப்பு சரியாக அவர் நின்ற இடத்தில் வந்து விழுந்ததால் உயிர் பிழைத்தார். இருபக்கமும் சில அங்குல இடைவெளிதான். தந்திரக் காட்சி எதுவும் கிடையாது. கணினியில் எதையும் வரையும் இந்தக் காலத்தில்கூட அந்த ஒரு காட்சியைப் பார்த்தால் மூச்சு நின்றுவிடும்.

கடிகார முள்ளைப் பிடித்துத் தொங்கினாரே, ஹரோல்ட் லாயிட் — 1923-இல் வந்த ‘சேஃப்டி லாஸ்ட்’ படம் — அவர் 1919-இல் நடந்த வெடிவிபத்தில் வலது கையின் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் இழந்தவர். கையுறை மாட்டிக்கொண்டு ஏறினார். படத்தை வெளியிடுவதற்கு முன் மக்களிடம் போட்டுக் காட்டிச் சிரிப்பைக் கவனித்துத் திருத்தும் பழக்கத்தைத் தொடக்கத்திலேயே கைக்கொண்டவர்களில் லாயிட்டும் ஒருவர்.

1927-க்குப் பிறகு படம் பேசத் தொடங்கியது. பேசும் படம் ஒரு புதுச் சிக்கலைக் கொண்டுவந்தது. மேடையில் ஒரு நடிகர் கூட்டம் சிரித்து முடிக்கும்வரை காத்திருந்து அடுத்த வசனத்தைச் சொல்லலாம். திரையில் இருப்பவர் காத்திருக்க மாட்டார். முதல் வசனத்துக்குச் சிரிப்பு பலமாக வந்தால், அந்தச் சிரிப்பே அடுத்த வசனத்தை விழுங்கிவிடும். அதிகம் காத்திருந்தாலோ, கூட்டம் சிரிக்காத ஊரில் திரையில் ஓர் அசட்டு மௌனம் நிற்கும்.

மார்க்ஸ் சகோதரர்கள் இதற்குக் கண்ட வழி சுவையானது. மேடையில் வளர்ந்த அவர்கள், 1929-இலும் 1930-இலும் எடுத்த முதல் இரண்டு படங்கள் ஏற்கெனவே மேடையில் நூற்றுக்கணக்கான முறை நடித்துப் பழகியவை. எந்த வசனத்துக்கு எவ்வளவு நேரம் சிரிப்பார்கள் என்பது அவர்களுக்கு மனப்பாடம். நேரடியாகத் திரைக்கென்று எடுத்த ‘டக் சூப்’ 1933-இல் எதிர்பார்த்தபடி ஓடவில்லை. (இன்று அவர்களின் தலைசிறந்த படமாகக் கருதப்படுவது அதுதான், காலத்தின் வேடிக்கை அது.) அடுத்து எம்.ஜி.எம். நிறுவனத்துக்குப் போனபோது தயாரிப்பாளர் இர்விங் தால்பர்க், ‘எ நைட் அட் தி ஓப்பரா’ படத்தின் முக்கியக் காட்சிகளைப் படமெடுப்பதற்கு முன்பே மேடை நாடகமாக்கி ஊர் ஊராக அனுப்பினார். எழுத்தாளர்கள் அரங்கில் அமர்ந்து எது எடுபடுகிறது, எது விழுகிறது, சிரிப்பு எத்தனை வினாடி நீடிக்கிறது என்று குறித்துக்கொண்டார்கள். 1935-இல் வெளிவந்த படத்தில் ஒரு சின்னக் கப்பல் அறைக்குள் ஆள்மேல் ஆளாக வந்து அடையும் காட்சி இப்படி மேடையில் பட்டை தீட்டப்பட்டதே.

இதே ஆண்டுகளில் தணிக்கையும் இறுகியது. 1934-ஆம் ஆண்டு முதல் ஹாலிவுட்டின் ஒழுக்க விதிகள் கண்டிப்பாக அமல்படுத்தப்பட்டன. கட்டில்களுக்கு நடுவே ஒரு போர்வையைத் தொங்கவிட்டு அதையே கதையாக்கினார்கள். ‘இட் ஹேப்பன்ட் ஒன் நைட்’ அந்த ஆண்டின் ஐந்து முதன்மை ஆஸ்கார் விருதுகளையும் அள்ளியது. முத்தமிட வேண்டிய ஆணும் பெண்ணும் சண்டையிட்டார்கள். சண்டையில் பேச்சு வேகம் பிடித்தது. 1940-இல் வந்த ‘ஹிஸ் கேர்ள் ஃப்ரைடே’ படத்தில் ஒருவர் பேசி முடிப்பதற்குள் மற்றவர் தொடங்கிவிடுவார். அந்தப் படத்தில் ஆணுக்குச் சமமாக, சில இடங்களில் ஆணை மிஞ்சிப் பேசும் பெண் நிருபரைப் போன்ற பாத்திரத்தை அதற்குப் பிந்திய பல படங்களில் தேடினாலும் கிடைக்காது.

இங்கே ஒரு படத்தின் அருகே சற்று நிற்க வேண்டும். பிரஸ்டன் ஸ்டர்ஜஸ் 1941-இல் இயக்கிய ‘சல்லிவன்ஸ் டிராவல்ஸ்’. கதாநாயகன் சல்லிவன் ஒரு வெற்றிகரமான நகைச்சுவைப் பட இயக்குநர். அவனுக்குத் தன் படங்கள்மேல் வெட்கம் வந்துவிடுகிறது. நாடு வறுமையில் கிடக்கும்போது சிரிப்புப் படம் எடுப்பதா, ஏழைகளின் துயரத்தைச் சொல்லும் கனமான படம் எடுக்க வேண்டும் என்று கந்தல் உடுத்தி ஊர்சுற்றப் புறப்படுகிறான். பல குழப்பங்களுக்குப் பிறகு உண்மையாகவே ஒரு குற்றத்தில் சிக்கி, பெயர் தெரியாத கைதியாகச் சங்கிலியோடு கடுங்காவல் முகாமில் அடைக்கப்படுகிறான். ஒரு நாள் இரவு கைதிகளை அருகிலுள்ள கறுப்பின மக்களின் சிறிய தேவாலயத்துக்குப் படம் பார்க்க அழைத்துப்போகிறார்கள். வருகிறவர்களைத் தாழ்வாகப் பார்க்காதீர்கள் என்று போதகர் தம் சபையாருக்கு முன்கூட்டியே சொல்லிவைக்கிறார். கால் விலங்கு கலகலக்கக் கைதிகள் வந்து அமர்கிறார்கள். திரையில் வால்ட் டிஸ்னியின் புளூட்டோ நாய், ஈ பிடிக்கும் பசைத்தாளில் ஒட்டிக்கொண்டு படாதபாடு படுகிறது. அரங்கம் வெடித்துச் சிரிக்கிறது. சல்லிவன் சுற்றிலும் பார்க்கிறான். பிறகு தானும் சிரித்துக்கொண்டிருப்பதை உணர்ந்து திடுக்கிடுகிறான்.

கறுப்பின மக்களை எடுபிடிகளாகவும் பயந்தாங்கொள்ளிகளாகவும் காட்டிச் சிரிப்பு மூட்டுவதே அன்றைய ஹாலிவுட்டின் வழக்கம். ஸ்டர்ஜஸ் இந்தக் காட்சியில் அவர்களைக் கண்ணியமாகக் காட்டியதற்காக, கறுப்பின மக்களின் உரிமைச் சங்கத்தின் செயலாளர் வால்டர் வைட் அவருக்கு நன்றிக் கடிதம் எழுதினார் என்பது குறிப்பிடத்தக்கது. விருந்தாளிகளாக வந்தவர்கள் கைதிகள்; விருந்தோம்புகிறவர்கள் ஊரால் ஒதுக்கப்பட்டவர்கள். அந்தச் சில நிமிடங்கள் இருட்டில் யார் எந்தப் பக்கம் என்பது தெரியவில்லை.

போர் முடிந்த கையோடு, 1946-இல், வாரத்துக்குச் சுமார் 8 கோடிப் பேர் அமெரிக்கத் திரையரங்குகளுக்குப் போனார்கள். பிறகு தொலைக்காட்சி வந்தது. பத்தே ஆண்டுகளில் அந்தக் கூட்டம் ஏறக்குறையப் பாதியாகிவிட்டது. வீட்டில் நாற்காலியில் தனியே அமர்ந்து பார்ப்பவர் வாய்விட்டுச் சிரிக்கத் தயங்குவார். ‘ஐ லவ் லூசி’ தொடரை 1951-இல் நேரடிப் பார்வையாளர் முன்னிலையில் படம்பிடித்தார்கள். அவர்களின் சிரிப்பு வீட்டிலிருப்பவருக்குத் துணையாயிற்று. கூட்டம் கிடைக்காத தொடர்களுக்கு என்ன செய்வது? சார்லி டக்ளஸ் என்ற ஒலிப்பொறியாளர் ஒரு பெட்டியைச் செய்தார். தட்டச்சு இயந்திரம்போல் விசைகள். ஒவ்வொரு விசையிலும் ஒருவகைச் சிரிப்பு. புன்முறுவல் வேண்டுமா, வயிறு குலுங்க வேண்டுமா, விசையை அழுத்தினால் போதும். காலால் மிதித்துச் சிரிப்பின் நீளத்தைக் கூட்டிக் குறைக்கலாம். அந்தப் பெட்டியின் உள்ளே என்ன இருக்கிறது என்பதை அவர் பிறருக்குக் காட்டாமல் பாதுகாத்துவந்தார். சிரிப்பு அதுவரை விளைந்த பொருள். அன்றுமுதல் அது தயாரித்த பொருளும் ஆயிற்று.

திரையரங்கை விட்டுக்கொடுக்காதவர்களும் இருந்தார்கள். 1959-இல் பில்லி வைல்டர் எடுத்த ‘சம் லைக் இட் ஹாட்’ படத்தில் டோனி கர்ட்டிஸும் ஜாக் லெமனும் கொலைகாரர்களிடமிருந்து தப்பப் பெண் வேடம் போடுவார்கள். (பெண் வேடம் என்றதும் கமலஹாசனின் ‘அவ்வை சண்முகி’ நினைவுக்கு வரும். 1996-இல் வந்த அந்தப் படம் 1993-இல் வந்த ‘மிசஸ் டவுட்ஃபயர்’ படத்தைத் தழுவியது.) பெண் வேடத்திலிருக்கும் லெமனுக்கு ஒரு பணக்காரக் கிழவர் திருமணம் பேசிவிட்டார் என்ற செய்தியை அவர் கர்ட்டிஸிடம் சொல்லும் காட்சி. ஒவ்வொரு வரிக்கும் அரங்கம் சிரிக்கும் என்று வைல்டர் கணித்தார். ஆகவே லெமனின் கையில் இரண்டு கிலுகிலுப்பைகளைக் கொடுத்தார். ஒரு வரி பேசுவார்; கிலுகிலுப்பையை ஆட்டி ஒரு சுற்று ஆடுவார்; சிரிப்பு அடங்கும் நேரத்தில் அடுத்த வரி. தால்பர்க் ஊர் ஊராக அலைந்து அளந்ததை வைல்டர் இரண்டு கிலுகிலுப்பைகளால் தீர்த்துவிட்டார். அரங்கில் பார்ப்பவருக்கு அது ஆனந்தக் கூத்து. வீட்டில் தனியே பார்ப்பவருக்கு, ஏன் இந்த மனிதர் இவ்வளவு நேரம் ஆடுகிறார் என்று தோன்றக்கூடும்.

அரங்கம் சிரிக்கிறது என்பதனால் எல்லாம் சரியாகிவிடாது. யாரைப் பார்த்துச் சிரிக்கிறது என்ற கேள்வி உண்டு. 1961-இல் ‘பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃப்பனீஸ்’ படத்தில் மிக்கி ரூனி பல்லை நீட்டி ஜப்பானியராக வந்தார். 1968-இல் ‘தி பார்ட்டி’ படத்தில் ஆங்கிலேயரான பீட்டர் செல்லர்ஸ் முகத்தில் பழுப்புச் சாயம் பூசி, இந்திய நடிகர் ஹ்ருண்டி பக்ஷியாக, தவறுதலாக அழைக்கப்பட்ட விருந்தொன்றைக் குட்டிச்சுவராக்கினார். செல்லர்ஸின் திறமையில் யாரும் குறை காண முடியாது. கீட்டன் காலத்து உடல்மொழி அவரிடம் இருந்தது. சாயமும் இருந்தது. அந்தக் காலத்து அரங்குகளில் பக்ஷியைப் போன்ற முகம் கொண்டவர்கள் எத்தனை பேர் அமர்ந்திருப்பார்கள்? அவர்கள் இல்லாத இடத்தில் அந்தச் சிரிப்பு தடையில்லாமல் எழுந்தது.

அதே 1968-இல் பழைய தணிக்கை விதிகள் போய் வயது வாரியான தரப்பிரிவு வந்தது. கட்டு அவிழ்ந்ததும் முதலில் பாய்ந்தவர்களில் மெல் புரூக்ஸ் ஒருவர். வெள்ளையர் ஊருக்குக் கறுப்பின ஷெரிஃப் வரும் ‘பிளேசிங் சேடல்ஸ்’ படத்தை 1974-இல் எடுத்தார். ரிச்சர்ட் பிரையர் உடன் எழுதிய திரைக்கதை. நிறுவனத்தின் மேலதிகாரிகளுக்குப் போட்டுக் காட்டியபோது சிரிப்பே இல்லை என்று புரூக்ஸ் பின்னாளில் பலமுறை சொல்லியிருக்கிறார். மனம் உடைந்த அவர் அன்றிரவே அதே நிறுவனத்தின் செயலாளர்களையும் ஊழியர்களையும் கூட்டி மறுபடி போட்டாராம். கூரை பிய்த்துக்கொண்டு போயிற்றாம். மேலதிகாரிகளும் ஊழியர்களும் பார்த்தது ஒரே படத்தைத்தான்.

எழுபதுகளில் ‘ஆனி ஹால்’ சிறந்த படத்துக்கான ஆஸ்காரைப் பெற்றது. 1978-இல் ‘அனிமல் ஹவுஸ்’ கல்லூரி மாணவர்களின் அட்டகாசத்தைக் காட்டி, 30 இலட்சம் டாலருக்கும் குறைந்த செலவில் 14 கோடிக்கு மேல் வசூலித்தது. தொலைக்காட்சி நகைச்சுவை நடிகர்கள் திரைக்கு வரும் பாதையை ஜான் பெலூஷி அதில் திறந்தார். எட்டி மர்ஃபி அந்தப் பாதையில் வந்து, 1984-இல் ‘பெவர்லி ஹில்ஸ் காப்’ படத்தில் பணக்கார வெள்ளையர் ஊரைப் பார்த்துத் தானே சிரித்தார்; அரங்கம் அவரோடு சேர்ந்து சிரித்தது.

1980-இல் வந்த ‘ஏர்பிளேன்’ படத்தை எடுத்த மூவர் சிறிய நாடக அரங்கில் பார்வையாளர் முன் தொழில் கற்றவர்கள். ‘ஸீரோ அவர்’ என்ற 1957-ஆம் ஆண்டின் கனமான விமானப் படத்தின் உரிமையையே விலைக்கு வாங்கி, அதே கதையைக் கேலிக்கு உரியதாக்கினார்கள். நகைச்சுவை நடிகர்கள் வேண்டாம், இதுவரை சிரிக்கவைக்காத நடிகர்கள்தான் வேண்டும் என்று தேடி லெஸ்லி நீல்சனைப் பிடித்தார்கள். கீட்டனின் மரமுகம் அறுபது ஆண்டு கழித்துத் திரும்பி வந்தது எனலாம். அடுத்து அதே மூவர், அதே நீல்சனைக் கொண்டு, 1982-இல் ‘போலிஸ் ஸ்குவாட்’ என்ற தொலைக்காட்சித் தொடரைச் செய்தார்கள். பதிவு செய்த சிரிப்பைச் சேர்க்கவில்லை. ஆறு பகுதிகளோடு நிறுத்தப்பட்டது. 1988-இல் அதே பாத்திரம், அதே நடிகர், அதே வகைக் கேலி ‘தி நேக்கட் கன்’ என்ற படமாக வந்து பெரும் வெற்றி பெற்றது. மேலும் இரண்டு படங்களும் வந்தன. வரவேற்பறையில் யாரும் கவனிக்காத ஒரு முகபாவம், அரங்கில் ஒருவர் கவனித்துச் சிரித்ததால் அடுத்த முந்நூறு பேருக்கும் தெரிந்தது.

தொண்ணூறுகளை விரைவாகக் கடக்கலாம். ‘கிரவுண்ட்ஹாக் டே’ போன்ற அருமையான படமும் வந்தது. கழிவறையை விட்டு வெளியே வராத படங்களும் வந்தன. 2001-இல் வந்த ‘ஸூலாண்டர்’ படத்தின் கதை, மலேசியப் பிரதமரைக் கொல்ல ஓர் ஆடை விளம்பர அழகனை ஏவிவிடுவது. மலேசியத் திரைப்படத் தணிக்கை வாரியம் தடை செய்தது. அமெரிக்காவில் அந்த நாட்டின் பெயர் தூரத்தில் இருக்கும் ஏதோ ஒரு பெயர். இங்கே அது வீட்டு முகவரி.

இரண்டாயிரமாம் ஆண்டுகளில் ஜட் அப்பாடோவும் அவருடைய நண்பர்களும் வந்தார்கள். ஒரே காட்சிக்கு நடிகர்களைப் பலவிதமாகப் பேசவிட்டுப் படம்பிடித்து, சோதனைக் காட்சியில் எந்த வரிக்குச் சிரிப்பு வருகிறது என்று ஒலிப்பதிவு செய்து, அதன்படி வெட்டி ஒட்டுவார்கள். தால்பர்க்கின் முறைதான், கருவிகள் மட்டும் வேறு. 2004-இல் வந்த ‘ஆங்கர்மேன்’ படத்தில் வங்கிக் கொள்ளைக் கும்பல் பற்றிய ஒரு பெரிய கிளைக்கதை இருந்தது. சோதனைக் காட்சியில் எடுபடவில்லை. அதைத் தூக்கிவிட்டுப் புதிய காட்சிகளை எடுத்தார்கள்; தூக்கியதைக் கொண்டு இன்னொரு முழுப்படமே குறுந்தட்டில் வெளியாயிற்று என்றால் எவ்வளவு வெட்டினார்கள் என்று கணக்கிடலாம். 2011-இல் கிறிஸ்டன் விக் உடன் எழுதி நடித்த ‘பிரைட்ஸ்மெய்ட்ஸ்’ சுமார் 3 கோடி டாலரில் எடுக்கப்பட்டு 28 கோடிக்கு மேல் ஈட்டியது. பெண்கள் நடித்தால் யார் சிரிப்பார்கள் என்று கேட்டவர்களுக்கு அரங்கங்கள் பதில் சொல்லின.

அந்த உச்சியிலிருந்துதான் சரிவும் தொடங்கியது. காரணம் ரசனைக் குறைவு என்று சிலர் சொல்வார்கள். கணக்கைப் பார்த்தால் வேறு தெரிகிறது. அமெரிக்க நகைச்சுவை கடல் தாண்டினால் பாதி வலுவிழக்கும். சிலேடையை மொழிபெயர்க்க முடியாது. அந்த இழப்பை ஈடுகட்டியது குறுந்தட்டு விற்பனை. குறுந்தட்டு வியாபாரம் சரிந்ததும் நடுத்தரச் செலவில் எடுக்கும் நகைச்சுவைப் படத்துக்குக் காலூன்ற இடமில்லை. எந்த மொழியிலும் வெடிக்கும் சூப்பர் ஹீரோ படங்களுக்குப் பணம் போயிற்று. நகைச்சுவை இணையத் திரைகளுக்குக் குடிபெயர்ந்தது. ஆடம் சாண்ட்லர் 2014-இலேயே நெட்ஃபிளிக்ஸுடன் நான்கு படங்களுக்கு ஒப்பந்தம் செய்துகொண்டார். அந்தப் படங்களை எத்தனையோ வீடுகளில் பார்க்கிறார்கள். எங்கே நிறுத்தினார்கள், எந்த நிமிடத்தில் வேறு படத்துக்குத் தாவினார்கள் என்பது நிறுவனத்துக்குத் தெரியும். எங்கே சிரித்தார்கள் என்பது தெரியாது. கைத்தொலைபேசியைப் பார்த்துக்கொண்டே பாதிக் கண்ணால் பார்ப்பவருக்காக எழுதப்படும் நகைச்சுவையில், கதாபாத்திரங்கள் தாங்கள் செய்வதை வாயாலும் சொல்லிக்கொண்டிருப்பதைக் கூர்ந்து பார்த்தால் காணலாம். கீட்டனின் ஜன்னல் சட்டம் அப்படிப்பட்டவருக்கு விழாது.

இந்த இடத்தில்தான் ‘கிரேஸி ரிச் ஏஷியன்ஸ்’ முக்கியமாகிறது. கெவின் குவானின் நாவலைப் படமாக்க நெட்ஃபிளிக்ஸ் பெரும் தொகையோடு வந்தது; மூன்று பாகங்களுக்கும் உத்தரவாதம். குவானும் இயக்குநர் ஜான் எம். சூவும் மறுத்துவிட்டு, குறைந்த தொகைக்கு வார்னர் நிறுவனத்திடம் கொடுத்தார்கள். திரையரங்கில்தான் வர வேண்டும் என்பது அவர்களின் நிபந்தனை. 2018 ஆகஸ்ட்டில் வெளிவந்தது. 3 கோடி டாலர் செலவு. உலக வசூல் 23 கோடிக்கு மேல். இக்காலக் கதையில் பெரும்பாலும் ஆசிய வம்சாவளி நடிகர்களைக் கொண்டு ஒரு பெரிய ஹாலிவுட் நிறுவனம் எடுத்த படம், 1993-க்குப் பிறகு அதுவே முதல் முறை. கதை சிங்கப்பூரில் நடந்தாலும் பாட்டியின் மாளிகை கோலாலம்பூரின் கார்கோசா ஸ்ரீ நெகாரா; ஈப்போவில் பிறந்த மிஷல் இயோ மாமியாராக மிரட்டினார். மருமகளாக வரப்போகிறவளும் மாமியாரும் மோதும் மாஜோங் ஆட்டக் காட்சி பினாங்கின் நீல மாளிகையில் எடுக்கப்பட்டது. ஆட்டத்தின் விதியைப் படம் யாருக்கும் விளக்கவில்லை. தெரிந்தவர்கள் எந்தக் கட்டையை அவள் விட்டுக்கொடுத்தாள் என்று பார்த்து ‘ஆ’ என்பார்கள். தெரியாதவர்கள் பக்கத்து இருக்கையின் ஒலியைக் கேட்டுத் தெரிந்துகொள்வார்கள். அரங்கம்தான் வேண்டும் என்று அவர்கள் பிடிவாதம் பிடித்ததற்கு இதைவிடச் சிறந்த விளக்கம் வேண்டியதில்லை.

அதே படத்தில் சிங்கப்பூரின் இந்தியர்கள் எங்கே என்ற கேள்வியும் உடனே எழுந்தது. மாளிகையின் வாசலில் துப்பாக்கியோடு காவல் நிற்கிறார்கள். கார் நிற்கிறது, உள்ளிருக்கும் இரு பெண்களும் அவர்களைக் கண்டு மிரள்கிறார்கள், அரங்கம் சிரிக்கிறது. சிங்கப்பூரிலேயே பலர் இதை வருத்தத்தோடு எழுதினார்கள். 1968-இன் பக்ஷி முகச்சாயத்தோடு விருந்துக்குள்ளாவது போனார். ஐம்பது ஆண்டு கழித்து, சாயம் பூசாத முகங்கள், வாசலோடு நிறுத்தப்பட்டன. நடுவில், 2004-இல், ‘ஹரோல்ட் அண்ட் குமார்’ படத்தில் கால் பென் ஓர் இந்திய வம்சாவளி இளைஞனாக, பாதி இரவெல்லாம் பசியோடு பர்கர் தேடி அலைந்து, யாருக்கும் காவல் நிற்காமல், கதாநாயகனாகவே வந்துபோயிருந்தார்.

கொள்ளைநோய்க் காலத்தில் அரங்கங்கள் மூடின. திறந்த பிறகும் நகைச்சுவைப் படங்கள் தயங்கித்தான் வந்தன. 2023-இல் ‘பார்பி’ 140 கோடி டாலர் ஈட்டியது. இளஞ்சிவப்பு உடையணிந்து கூட்டம் கூட்டமாகப் போய்ச் சிரித்தார்கள். பொம்மையின் பெயர் இல்லாமல் அந்தத் திரைக்கதை மட்டும் வந்திருந்தால் எந்த நிறுவனம் அவ்வளவு பணம் போட்டிருக்கும் என்பது கேட்க வேண்டிய கேள்வி.

2025 ஆகஸ்ட்டில் ‘தி நேக்கட் கன்’ மறுபடி வந்தது. நீல்சன் 2010-இல் காலமாகிவிட்டார். அவர் இடத்தில், ‘ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்’ படத்தில் நடித்த லியம் நீசன், சற்றும் சிரிக்காத முகத்தோடு. படம் ஒன்றரை மணி நேரம்கூட இல்லை. முதலில் திரையரங்குகளில்தான் வெளியானது. கேலிகள் அவ்வளவு நெருக்கமாக வருவதால், நிறைந்த அரங்கில் பார்த்தவர்கள் சில வசனங்களைச் சிரிப்பொலியில் தவறவிட்டிருப்பார்கள். வெளியே வந்து, அந்த இடத்தில் அவன் என்ன சொன்னான் என்று கூட வந்தவரைக் கேட்டிருப்பார்கள். அவருக்கும் சரியாகக் கேட்டிருக்காது.